விழுந்து எழும் நடனத்துக்கு ஏற்ற தரை: டர்பன் பக்கத்தவர்கள் உதவுங்கள்

வணக்கம். தென்னாப்பிரிக்காவில் நடந்த 2021 ஜூலைக் கலவரத்தை வைத்து ஒரு தற்கால நடனம் தயாரிக்கிறோம். டர்பனை ஒட்டிய எங்கள் பீனிக்ஸ் பகுதியில் மட்டும் அப்போது 36 பேர் மாண்டார்கள், பெரும்பாலோர் கறுப்பின மக்கள். ஆடுபவர்களில் பரதம் பயின்ற தமிழ்ப் பிள்ளைகளும் சூலு இன இளைஞர்களும் உண்டு. தெருத் தடுப்பின் முன் உடல்கள் விழுவதும் எழுவதும்தான் நடனத்தின் உயிர். அதைக் குறைக்கச் சொல்லாதீர்கள்.

ஒத்திகை கோயில் மண்டபத்தில். சிமென்ட்மேல் டைல்ஸ். முழங்கால் வீங்குகிறது, இடுப்பு கன்றிப்போகிறது. பரதத்தின் தட்டடவும் சூலு நடனத்தின் மிதியும் சேரும் பகுதி முடிந்தால் கணைக்காலில் கடும் வலி.

உடற்பயிற்சிப் பாய் விரித்தோம்; பாதம் புதைந்து ஒருவருக்குக் கணுக்கால் பிசகியது. கம்பளம் தோலை உரித்தது. லினோலியம் போட்டதில் வழுக்கல் நின்றது, அதிர்ச்சி குறையவில்லை. முழங்கால் உறையும் போதவில்லை. வாடகைத் தளத்துக்குச் சொன்ன தொகை எங்கள் சக்திக்கு மீறியது.

நுரைத் துண்டுகள்மேல் இரண்டடுக்கு ப்ளைவுட் போட்டு நாமே செய்யலாம் என்கிறார்கள். இடம் எட்டுக்கு ஆறு மீட்டர். வெள்ளிக்கிழமைப் பூஜைக்கு முன் எல்லாவற்றையும் கழற்றியாக வேண்டும், அம்மன் காத்திருக்க மாட்டாள். ஆகஸ்ட் இறுதியில் மேடையேற்றம்.

இப்படிக் கழற்றி மாட்டும் தளம் செய்தவர்கள், பலகையின் தடிமனும் நுரைத் துண்டுகளின் இடைவெளியும் எவ்வளவு வைத்தீர்கள்?