பால் பைத்தானுக்கு மீன்தொட்டியா, மரப்பெட்டியா? நம்ம ஊர் வெயிலுக்கு எது தாங்கும்?

பாளைத் தம்பி:
எல்லோருக்கும் வணக்கம். சென்னையில் இருக்கும் என் அத்தை மகன் வேலைக்காக வெளிநாடு போகிறான். அவன் வளர்த்த பால் பைத்தானை (Ball python, ஆப்பிரிக்க மலைப்பாம்பு வகை) நான் எடுத்துக்கொள்கிறேன். வளர்ந்த பெண் பாம்பு, நாலடிக்குக் கொஞ்சம் கூட இருக்கும். மத்திய அரசின் பரிவேஷ் இணையதளத்தில் அவன் பெயரில் பதிவு இருக்கிறது, கைமாற்றத்தையும் அங்கே தெரிவித்த பிறகுதான் இங்கே கொண்டு வருவோம். என் கேள்வி அது தங்கப்போகும் வீட்டைப் பற்றி. பாளையங்கோட்டையில் எங்கள் வீட்டில் கீழே இரண்டு அறை, மேலே ஒன்று. மேல் அறைதான் என்னுடையது, அதற்கு மேல் நேராக மொட்டை மாடி. மூன்றடி மீன்தொட்டி ஒன்று சும்மா கிடக்கிறது. அதற்கு வலை மூடி போட்டு, அடியில் ஹீட் மேட் (சூடேறும் விரிப்பு) வைத்தால் போதுமா? அல்லது ஆசாரியிடம் சொல்லி மரத்தில் பெட்டி அடிக்கவா? படித்த இடத்திலெல்லாம் எப்படிச் சூடாக்குவது என்றுதான் எழுதியிருக்கிறது.

நெல்லை ஊர்வன:
மீன்தொட்டி வேண்டாம் தம்பி. மேலே திறக்கிற தொட்டியில் நம் கை எப்போதும் மேலிருந்துதான் இறங்கும், அது பாம்புக்குப் பருந்து இறங்குகிற திசை. நாலு பக்கமும் கண்ணாடி என்றால் மறைவே கிடையாது. அப்புறம் வலை மூடி. ஆனி ஆடியில் குற்றாலத்தில் சாரல் விழும்போது நம்ம பக்கம் வறண்ட காற்றும் புழுதியும்தானே? அந்த மாதங்களில் வலை மூடித் தொட்டிக்குள் அறுபது சதவீத ஈரப்பதத்தை நிறுத்தவே முடியாது, காலையில் தெளித்த தண்ணீர் மதியத்துக்குள் போய்விடும். ஈரம் குறைந்தால் சட்டை துண்டு துண்டாக உரியும், கண் மேலிருக்கும் தோல் உரியாமல் ஒட்டிக்கொள்ளும்.

நாலடி நீளம், இரண்டடி அகலம், இரண்டடி உயரம், முன்பக்கம் நகர்த்துகிற கண்ணாடி, மற்ற பக்கமெல்லாம் மரம். வளர்ந்த பாம்புக்கு இதற்குக் கீழே போகக் கூடாது என்பது என் கருத்து. உடம்பை முழுக்க நீட்டிப் படுக்க அதற்கு இடம் வேண்டும்.

வண்ணை ட்ரே:
அண்ணாச்சி, இதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். பால் பைத்தான் மேற்கு ஆப்பிரிக்காவிலும் மத்திய ஆப்பிரிக்காவிலும் எலி வளையிலும் கறையான் புற்றிலும் பகலைக் கழிக்கிற பாம்பு. இடுக்கான இடத்தில்தான் அதற்கு நிம்மதி. பெரிய பெட்டியில் கொண்டுபோய் விட்டவர்கள்தான் பிறகு சாப்பிடவே மாட்டேன் என்கிறது என்று வந்து நிற்கிறார்கள். மூடியுள்ள பெரிய பிளாஸ்டிக் ட்ரே ஒன்று, பக்கவாட்டில் துளைகள், உள்ளே ஓர் ஒளிவிடம், கனமான தண்ணீர்ச் சட்டி. ஈரம் நிற்கும், கழுவுவது எளிது, செலவும் குறைவு.

இன்னொன்று, அதைத் தூக்கலாம். 2023 டிசம்பர் 17, 18 நினைவிருக்கிறதா? தாமிரபரணி வண்ணார்பேட்டைக்குள்ளும் ஜங்ஷனுக்குள்ளும் புகுந்த அன்று நான் ட்ரேயைத் தூக்கிக்கொண்டு மாடி ஏறினேன். நாலடி மரப்பெட்டியை அந்த நேரத்தில் யார் தூக்குவது?

நெல்லை ஊர்வன:
வெள்ளத்தில் பெட்டியை எதற்குத் தூக்க வேண்டும்? பாம்பைத் துணிப்பையில் விட்டு, வாயை இறுக்கிக் கட்டி, துளையிட்ட மூடி டப்பாவில் வைத்துக் கொண்டுபோவோம். அந்த இரண்டும் பெட்டி பக்கத்திலேயே எப்போதும் இருக்க வேண்டும், அவ்வளவுதான். ஒரு நாள் வரப்போகிற வெள்ளத்துக்காக வருஷம் முழுக்க அதை ட்ரேயில் மடக்கி வைப்பது நியாயமில்லை.

புற்றில் பகலைக் கழிக்கிறது, சரி. இரவில் வெளியே வந்து அலைகிறது, மரமும் ஏறுகிறது, அதை ஏன் விட்டுவிட்டீர்? பெரிய பெட்டியில் சாப்பிடாமல் கிடந்தால் நான் முதலில் உள்ளே என்ன இருக்கிறது என்றுதான் பார்ப்பேன். வெறும் பெட்டியில் எந்தப் பாம்பு நிம்மதியாக இருக்கும்? சூடான பக்கம் ஒரு ஒளிவிடம், குளிர்ந்த பக்கம் ஒன்று, இரண்டும் பாம்பின் உடம்பு சுற்றிலும் உரசுகிற அளவுக்குச் சின்னதாக. நடுவில் காய்ந்த இலை, கிளை, செயற்கைக் கொடி என்று தரையே தெரியாதபடி நிரப்ப வேண்டும். அப்படிச் செய்தால் நாலடியும் அதற்கு வளைதான்.

களக்காட்டான்:
எதற்கு இவ்வளவு செலவு? எங்கள் வயலில் சாரைப்பாம்பு தாராளமாக இருக்கிறது. நம்ம ஊர் வெயிலுக்குப் பழகினது, ஏசியும் வேண்டாம் ஹீட்டரும் வேண்டாம். ஒன்றைப் பிடித்து வளர்க்கலாமே?

நெல்லை ஊர்வன:
கூடவே கூடாது தம்பி. நம் நாட்டுப் பாம்பைப் பிடித்து வீட்டில் வைப்பது 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம், சிறைக்குப் போகிற விஷயம். பதிவு, கைமாற்றம் என்று நாம் பேசுவது பால் பைத்தான் மாதிரி வெளிநாட்டு இனங்களுக்கான 2024 விதிகள். வயலில் எலியைத் தின்று நெல்லைக் காப்பாற்றுகிற சாரை வயலிலேயே இருக்கட்டும்.

சேரன்மாதேவி ஆசாரி:
நான் மரவேலை செய்கிறவன், பாம்புப் பெட்டியும் அடித்துக் கொடுத்திருக்கிறேன். நீங்கள் இரண்டு பேரும் பெட்டிக்குள்ளேயே நிற்கிறீர்கள். தம்பி முதலிலேயே சொல்லிவிட்டார், அறைக்கு மேல் மொட்டை மாடி என்று. காங்கிரீட் தளம் பகல் முழுக்க வெயிலைக் குடித்துவிட்டு இருட்டின பிறகுதான் உள்ளே இறக்கும். கத்திரி வெயில் காலத்தில் அந்த அறையில் ராத்திரி ஒன்பது மணிக்குத்தான் புழுக்கம் அதிகம். மரம் சூட்டைத் தடுத்துவிடும் என்று நிறைய பேர் நம்புகிறார்கள். மரம் தாமதப்படுத்தும், அவ்வளவுதான். அறை பொழுதெல்லாம் முப்பத்தாறில் நின்றால் பெட்டியும் முப்பத்தாறுக்கு வந்தே தீரும், வந்த பிறகு சீக்கிரம் இறங்கவும் செய்யாது. கண்ணாடியோ மரமோ பிளாஸ்டிக்கோ, அறை சரியில்லை என்றால் மூன்றும் அடுப்புதான். முதலில் எந்த அறை என்று முடிவு செய்யுங்கள், பிறகு நான் அளவு கேட்கிறேன்.

அம்பை டீச்சர்:
ஆசாரி சொன்னதை இன்னும் கொஞ்சம் தள்ளிக்கொண்டு போகிறேன். இந்தப் பாம்புக்குச் சூடான பக்கம் 31 முதல் 33 டிகிரி, குளிர்ந்த பக்கம் 25 முதல் 27. அதாவது அதற்குத் தேவையான மிக உயர்ந்த சூடே நம்ம ஊர் சித்திரை மாதத்துப் பகலைவிடக் குறைவு. எல்லோரும் தெர்மோஸ்டாட் வாங்கு என்கிறார்கள். தெர்மோஸ்டாட் ஹீட்டரை நிறுத்தும், குளிர வைக்காது. அறையே நாற்பதை நெருங்கும்போது அது பாட்டுக்கு அணைந்து கிடக்கும், பாம்பு உள்ளே வேகும். இதை வீட்டில் வைத்துக்கொள்வதே எனக்குச் சம்மதமில்லை, தம்பி மேல் கோபமில்லை. நன்றாகப் பார்த்துக்கொண்டால் இருபது முப்பது வருஷம் வாழும் பிராணி இது. உங்களுக்கு நாளை பெங்களூரில் வேலை கிடைத்தால் யார் பார்ப்பார்கள்? வைத்துக்கொள்ள முடியாமல் ஆற்றோரம் விட்டுவிட்டு வருகிறவர்களும் இருக்கிறார்கள். அமெரிக்காவில் ஃபுளோரிடா சதுப்புக் காட்டில் பர்மியப் பைத்தான்கள் பெருகினது வளர்ப்புப் பாம்புகள் வெளியே போனதால்தான். இங்கே பக்கத்திலேயே களக்காடு முண்டந்துறை புலிகள் காப்பகம் இருக்கிறது.

பாளைத் தம்பி:
டீச்சர், வாங்கப் போகிறேன் என்றால் நீங்கள் சொல்வதைக் கேட்டு நிறுத்தியிருப்பேன். இது ஏற்கெனவே இருக்கிற பாம்பு, நான் எடுக்காவிட்டால் முகம் தெரியாத யாரிடமோ போகும். நான் வேலைக்கு வெளியூர் போனாலும் என் தங்கை பார்த்துக்கொள்வாள், அவளுக்கு அதைக் கையில் எடுத்துப் பழக்கமும் உண்டு. வெளியே விடுகிற பேச்சுக்கே இடமில்லை.

ஆசாரி அண்ணாச்சி சொன்ன பிறகு இரண்டு அறையிலும் கம்பி வைத்த டிஜிட்டல் வெப்பமானி போட்டேன். ராத்திரி ஒன்பது மணிக்கு மாடி அறையில் 37 டிகிரி. கீழே வடக்குப் பார்த்த அறையில் அதே நேரம் 32. அந்த அறையில் ஏசி இருக்கிறது, அப்பா அம்மா படுக்கிற அறை.

நெல்லை ஊர்வன:
அப்போது கீழ் அறைதான், அதில் இரண்டாம் பேச்சில்லை. ஏசியை 27இல் வைத்தால் குளிர்ந்த பக்கம் தானாகவே சரியாகிவிடும், ஒரு மூலையை மட்டும் நாம் சூடாக்கினால் போதும். சூடு முழுக்க ஒரே மாதிரி இருந்தால் பாம்பால் தேர்ந்தெடுக்க முடியாது. இரை எடுத்த பிறகு சூட்டில் கிடந்து செரிக்கும், பிறகு நகர்ந்து போகும். அதற்குத்தான் நாலடி நீளம் கேட்கிறேன், ட்ரேயில் இரண்டு பக்கத்துக்கும் நடுவே அந்த வித்தியாசம் நிற்காது.

ஹீட் மேட்டை மரத்துக்கு அடியில் வைக்காதீர்கள். கனமான பலகை வழியாகச் சூடு மேலே வராது, அடியிலேயே தேங்கும். மேலே செராமிக் ஹீட்டர் போட்டு, பாம்பு தொட முடியாதபடி கம்பிக் கூண்டு அடியுங்கள். தெர்மோஸ்டாட்டின் உணர்கம்பி பாம்பு படுக்கிற இடத்தில் இருக்க வேண்டும். கடையில் விற்கிற சூடேறும் கல்லைத் தொடவே வேண்டாம், வயிறு வெந்து போகும்.

வண்ணை ட்ரே:
ஏசி காற்றிலிருக்கும் ஈரத்தை உறிஞ்சி உலர்த்திவிடும். மரப்பெட்டிக்குள் ஈரத்தை எப்படி நிறுத்துவீர்? தண்ணீர் ஊற்றிக்கொண்டே இருந்தால் அடித்தளம் நசநசவென்று ஆகி வயிற்றுச் செதில் அழுகும், மூச்சுக் குழாயில் தொற்று வரும். வாயைத் திறந்து மூச்சு விட ஆரம்பித்தால் பிறகு இங்கே ஊர்வன பார்க்கத் தெரிந்த மருத்துவரைத் தேடி அலைய வேண்டியதுதான்.

நெல்லை ஊர்வன:
நல்ல கேள்வி. தென்னை நார்த்தூளைக் கழுவி உப்பு எடுத்து நாலு விரல் உயரம் பரப்பி, மூலைகளில் மட்டும் தண்ணீர் ஊற்றினால் அடி ஈரமாகவும் மேல் காய்ந்தும் நிற்கும். நம்ம பக்கம் நார்த்தூளுக்குப் பஞ்சமா? கூடவே காருகுறிச்சி மண்சட்டி ஒன்றைக் கவிழ்த்து, விளிம்பில் வாசல் உடைத்து, வாசலை உரசித் தேய்த்து மழுக்கி, உள்ளே ஈரப் பாசி வைத்தால் சட்டை உரிக்கிற நேரத்தில் தானாகப் போய் அதில் படுத்துக்கொள்ளும். மணல் வேண்டாம். தேவதாரு மாதிரி வாசனை அடிக்கிற மரத்தூள் எதுவும் கிட்டவே வரக் கூடாது.

அம்பை டீச்சர்:
கரண்டு போனால்? வீட்டு இன்வர்ட்டரில் மின்விசிறி ஓடும், ஏசி ஓடாது. வெள்ளத்தின்போது நாள் கணக்கில் கரண்டு இல்லாமல் கிடந்தோமே.

நெல்லை ஊர்வன:
வெள்ளம் மார்கழியில் வந்தது டீச்சர். அப்போது சூடு பிரச்சினையே இல்லை, ராத்திரி இருபத்திரண்டு இருபத்துமூன்று என்றால் சில நாள் தாங்கும், அந்த நாட்களில் இரை மட்டும் கொடுக்கக் கூடாது, செரிக்காது. பயப்பட வேண்டியது சித்திரை வைகாசி மதியத்தில் போகிற கரண்டுக்குத்தான். ஹீட்டரை முதலில் பிளக்கோடு பிடுங்க வேண்டும். சன்னலில் வெட்டிவேர்த் தட்டி நனைத்துக் கட்டி, இன்வர்ட்டர் விசிறியைப் போட வேண்டும். உறைந்த தண்ணீர் பாட்டிலைத் துணியில் சுற்றிப் பெட்டியின் மேல் வைக்கலாம், உள்ளே பாம்பு மேல் படக் கூடாது. கீழ் அறை 32 என்றால் சில மணி நேரம் சமாளிக்கலாம். அது தண்ணீர்ச் சட்டியை விட்டு வெளியே வராமல் கிடந்தாலோ, கண்ணாடியில் மூக்கை முட்டிக்கொண்டே இருந்தாலோ சூடு மிஞ்சிவிட்டது என்று பொருள். உண்ணி இருந்தாலும் தண்ணீரிலேயே கிடக்கும், அதையும் பார்க்க வேண்டும்.

அம்பை டீச்சர்:
சில மணி நேரம் என்று நீங்களே சொல்கிறீர்கள். அந்தச் சில மணி நேரம் வீட்டில் யாரும் இல்லாத நாளாக இருந்தால் என்ன செய்வது, அதற்குப் பதில் வரவில்லை.

பாளைத் தம்பி:
நியாயமான கேள்வி. அறைச் சூடு 34ஐத் தாண்டினால் தொலைபேசிக்குச் செய்தி அனுப்புகிற வெப்பமானி கிடைக்கிறது, அதை இன்வர்ட்டர் இணைப்பில் போடுகிறேன், வைஃபையும் அதிலேயே ஓடும். நான் கல்லூரியில் இருந்தாலும் பக்கத்து வீட்டுச் சித்தியிடம் சாவி இருக்கிறது, அவர் பெட்டியைத் திறக்க வேண்டியதில்லை, தட்டியை நனைத்து விசிறியைப் போட்டால் போதும். ஒத்துக்கொண்டார்.

சேரன்மாதேவி ஆசாரி:
சரி, இப்போது பெட்டிக்கு வருவோம். தண்ணீர் தாங்குகிற 710 ரக மரைன் ப்ளை போடலாம். உள்மூலை எல்லாம் சிலிக்கான் பூசி, மேலே தண்ணீர் கலவையில் வருகிற பாலியூரிதேன் வார்னிஷ் அடித்து, வாசனை சுத்தமாகப் போகிற வரை காய வைத்துத்தான் கொடுப்பேன், அவசரப்படுத்தாதீர்கள். கண்ணாடிக் கதவுக்குப் பூட்டு உண்டு, தலை நுழைகிற இடைவெளி இருந்தால் உடம்பும் நுழைந்துவிடும். கால் வைத்து அடிப்பேன், நாலு காலுக்கும் அடியில் தண்ணீர்க் கிண்ணம் வையுங்கள், எறும்பு ஏறாது. எறும்பு சாக்பீஸ் கோடு போடாதீர்கள்.

நெல்லை ஊர்வன:
அதோடு அந்த அறையில் கொசுவத்தி, கொசு விரட்டித் திரவம், பாச்சை உருண்டை, வெள்ளிக்கிழமைச் சாம்பிராணி எதுவும் கூடாது. அப்பா அம்மா படுக்கிற அறை என்பதால் சொல்கிறேன், கொசுவலை கட்டச் சொல்லுங்கள். அவர்களிடம் இதை முன்னாலேயே பேசிவிடுங்கள் தம்பி, பாம்பு வந்த பிறகு பேசினால் சண்டை வரும்.

வண்ணை ட்ரே:
பெட்டி காய்ந்து வருகிற வரை பாம்பை எங்கே வைப்பீர்கள்? அதற்காவது என் ட்ரே உதவும், பாளைக்கே கொண்டுவந்து தருகிறேன். ஆனால் காற்றுத் துளை விஷயத்தில் ஆசாரி என்ன செய்கிறார் என்று தெரிய வேண்டும். மேலே மட்டும் துளை போட்டால் வலை மூடி மாதிரியே ஈரம் ஓடிவிடும்.

சேரன்மாதேவி ஆசாரி:
மேலே போட மாட்டேன் வே. குளிர்ந்த பக்கம் கீழே ஒரு வரிசை, சூடான பக்கம் மேல் ஓரத்தில் ஒரு வரிசை, காற்று கீழே நுழைந்து மேலே போகும். மழைக்காலத்தில் ஈரம் தேங்கினால் திறந்துகொள்ள, ஆடிக் காற்றுக்குப் பாதி அடைத்துக்கொள்ள நகர்த்துகிற பலகை வைக்கிறேன். தம்பி, அறையில் பெட்டி நிற்கப்போகிற சுவரை அளந்து அனுப்புங்கள். ஏசிக் காற்று நேராக அடிக்கிற சுவராக இருந்தால் இப்போதே சொல்லிவிடுங்கள், கதவைத் திருப்பி அடிக்க வேண்டியிருக்கும்.