விஜய் அமிர்தராஜ்: சினிமாவும் மைக்கும் டென்னிஸைத் தின்றுவிட்டதா?

பேஸ்லைன்:
2024 ஜூலையில் நியூபோர்ட்டில் லியாண்டர் பயஸோடு விஜய் அமிர்தராஜையும் டென்னிஸ் சாதனையாளர்களுக்கான கௌரவப் பட்டியலான ஹால் ஆஃப் ஃபேமில் சேர்த்தார்கள். சந்தோஷம்தான். ஆனால் பயஸை எடுத்தது ஆட்டக்காரர் பிரிவில், விஜயை எடுத்தது பங்களிப்பாளர் பிரிவில். இதுதான் உறுத்துகிறது. 1973-ல் அமிர்தராஜ், போர்க், கானர்ஸ் மூவரையும் டென்னிஸின் ‘ஏ.பி.சி’ என்றார்கள். போர்க் 11 கிராண்ட்ஸ்லாம் வாங்கினார், கானர்ஸ் 8. நம்மவர் காலிறுதியோடு சரி. சினிமா, டிவி என்று மனசு அலைந்ததுதான் காரணம் என்பேன்.

புல்தரை:
தேதியைப் பாருங்கள் நண்பரே. அவர் நடித்த ஜேம்ஸ் பாண்ட் படம் ‘ஆக்டோபஸி’ வந்தது 1983-ல். விம்பிள்டன், அமெரிக்க ஓபன் இரண்டிலும் அவர் காலிறுதி ஆடியது 1973-ல். உலகத் தரவரிசையில் தன் உச்சத்தைத் தொட்டது 1980-ல். பின்னால் வந்த படம் முன்னால் நடந்ததை எப்படிக் கெடுக்கும்? படத்துக்கு அப்புறம்தான், 1987-ல், 33 வயதில் இந்தியாவை நாடுகள் மோதும் டேவிஸ் கோப்பை இறுதிக்குக் கொண்டுபோனார். டெல்லியில் அர்ஜென்டினாவின் ஹைட்டேயிடம் இன்னும் ஒரு புள்ளி போனால் தோல்வி என்ற மேட்ச் பாயிண்ட் வரை போய் மீண்டு ஜெயித்த ஆட்டம் கவனம் சிதறியவர் ஆடுகிற ஆட்டமா?

பேஸ்லைன்:
சரி, தேதி விஷயத்தில் தப்பு என்னுடையது. ஆனாலும் 1973 விம்பிள்டனை ரொம்பத் தூக்கிப் பிடிக்காதீர்கள். அந்த வருஷம் 81 பேர் புறக்கணித்த போட்டி அது. அதிலும் காலிறுதியில் செக் வீரர் கோடெஷிடம் ஐந்தாவது செட்டை 7-5 என்று விட்டார். 1979-ல் போர்க்கிடம் இரண்டுக்கு ஒன்று என்று முன்னிலை, தோல்வி. 1981-ல் கானர்ஸிடம் முதல் இரண்டு செட்டும் கையில், அப்புறமும் தோல்வி. முடிக்கத் தெரியவில்லை.

எழும்பூர்வாசி:
அதே 1973 அமெரிக்க ஓபனில் எல்லோரும் ஆடினார்களே! அங்கே ஆஸ்திரேலிய ஜாம்பவான் ராட் லேவரை ஐந்து செட்டில் வீழ்த்தியவர் விஜய். அடுத்த வருஷம் அதே இடத்தில் போர்க்கை.

ஐந்தாவது செட்டில் மூச்சு வாங்குகிற ஆளைப் பற்றிப் பேசும்போது அவருடைய நுரையீரலையும் பேச வேண்டும். சின்ன வயதில் பாதி நாள் ஆஸ்பத்திரியில் கிடந்த பையன். அவன் போக முடியாத நாட்களில் அம்மா மேகி வகுப்பில் உட்கார்ந்து பாடக் குறிப்பு எழுதிக்கொண்டு வருவார். பையன்கள் நடுவே நோட்டும் பேனாவுமாக ஒரு தாய். நுரையீரல் தேறட்டும் என்றுதான் அவனை டென்னிஸுக்கே அனுப்பினார்கள்.

ரீல்பெட்டி:
எனக்கு வேறு வருத்தம். உலகமே பார்க்கிற ஜேம்ஸ் பாண்ட் படத்தில் நம் ஆள் மகுடி ஊதிக்கொண்டு அறிமுகமாக வேண்டுமா?

புல்தரை:
அது உளவாளியின் மாறுவேடம். ஆட்டோ துரத்தலை மறுபடி பாருங்கள். ஏறி வருகிறவர்களை டென்னிஸ் மட்டையால் அடிக்கிறார், தெருவில் நிற்கிற கூட்டம் கேலரியில் இருப்பதுபோல இடமும் வலமுமாகத் தலையைத் திருப்புகிறது. தன் தொழிலை மறக்காமல் சினிமாவுக்குப் போனவர் அவர். 1986-ல் ‘ஸ்டார் ட்ரெக்’ நான்காம் படத்தில் விண்கலக் கேப்டனாகவும் வந்தாரே, அதையும் கணக்கில் வையுங்கள்.

எழும்பூர்வாசி:
வர்ணனையும் அப்படித்தான். எங்கள் வீட்டில் ஜூன் கடைசி என்றால் விம்பிள்டனும் அவர் குரலும்தான். பந்து தரையில் படுமுன் அடிக்கிற வாலி ஷாட்டுக்கு எப்போது வலைக்கு ஓட வேண்டும் என்பதை நான் அந்தக் குரலைக் கேட்டுத்தான் கற்றேன். சென்னையில் அவர் குடும்பம் நடத்திய பயிற்சிக்கூடத்தில்தான் பயஸ் வளர்ந்தார். பங்களிப்பாளர் என்ற பெயர் இதற்குத்தான். அதில் என்ன குறைச்சல்?

புல்தரை:
கோப்பைக் கணக்குப் பார்க்கிறவர்கள் 1974-ஐயும் சேர்க்க வேண்டும். டேவிஸ் கோப்பை இறுதியில் எதிரில் நின்றது தென்னாப்பிரிக்கா. நிறவெறி அரசின் அணியோடு ஆட மாட்டோம் என்று இந்தியா விலகியது. விஜய்க்கு அப்போது 20 வயது. டேவிஸ் கோப்பைக்கு அவ்வளவு பக்கத்தில் போன அணி ஒரு பந்துகூட ஆடாமல் விட்டுக்கொடுத்தது.

பேஸ்லைன்:
1974 பற்றி எனக்கு மறுபேச்சே இல்லை, அது பெருமை. ஆனால் அந்தக் கானர்ஸ் ஆட்டம்... இரண்டு செட் முன்னிலை. அதை மட்டும் என்னால் இன்னும் விட முடியவில்லை.