ஹான்னஸ் ரோஸ்தாம்: தோண்டி எடுத்தவரா, நேரம் வாய்த்தவரா?

வெள்ளிமீன்:
ஸ்வீடனின் தொலைக்காட்சிப் பத்திரிகையாளர் ரோஸ்தாம் பெயரைச் சொன்னாலே பலரும் கும்பிடு போடுகிறார்கள். தெரியாதவர்களுக்குக் கதை இதுதான். சேட்டர் மனநல மருத்துவமனையில் இருந்த ஸ்டூரெ பெர்க்வால், தாமஸ் க்விக் என்ற பெயரில் முப்பதுக்கும் மேற்பட்ட கொலைகளை ஒப்புக்கொண்டார். 1994 முதல் 2001 வரை எட்டுக் கொலைகளுக்கு அவரைக் குற்றவாளி என்று தீர்ப்பளித்தார்கள். 2008 டிசம்பரில் ஸ்வீடனின் பொதுத் தொலைக்காட்சியான எஸ்விடியில் வந்த ரோஸ்தாமின் ஆவணப்படத்தில், தான் ஒப்புக்கொண்டது எல்லாமே பொய் என்றார் பெர்க்வால். சரி, ஆனால் இந்த ஒப்புதல்களை நம்பக்கூடாது என்று 1998லேயே ஸ்வீடன் நாளிதழ்களில் பெரிய சண்டை நடந்ததே! பத்து வருஷம் கழித்து கேமராவோடு போனவருக்கே மொத்தப் பெயருமா?

கரிசல்காடு:
சந்தேகம் யாருக்கும் வரலாம் நண்பரே. அந்தச் சண்டையால் ஒரு தீர்ப்பாவது அசைந்ததா? 2006இல் அரசின் நீதி அதிகாரி யோரான் லாம்பெர்ட்ஸிடம் மனு போனது. அவர் தீர்ப்புகளில் குறையில்லை என்று கோப்பை மூடிவிட்டார்.

ரோஸ்தாம் வாதம் பண்ணவில்லை, உட்கார்ந்து பார்த்தார். கொலை நடந்த இடங்களுக்கு க்விக்கைக் கூட்டிப்போன போலீஸ் வீடியோக்களில் அவர் தள்ளாடுகிறார், நாக்கு குழறுகிறது. மருத்துவமனையே கொடுத்த பென்சோடயசிபீன் என்ற மயக்கம் தரும் மாத்திரைகளின் வேலை அது. 2008 செப்டம்பரில் ரோஸ்தாம் இதை அவரிடமே நேராகச் சொன்னார். ஏழு வருஷமாக யாரிடமும் வாய் திறக்காத மனிதர் அன்றைக்குத்தான் உடைந்தார்.

வெள்ளிமீன்:
நீங்களே சொல்லிவிட்டீர்கள். மாத்திரையை நிறுத்திப் பல வருஷம் ஆகி, தெளிந்த ஆள் பேசக் காத்திருந்தார். யார் போயிருந்தாலும் பேசியிருப்பார். அதோடு, வருஷக்கணக்கில் பொய் சொன்னவர் இப்போது சொல்வது மட்டும் உண்மை என்று எப்படி எடுத்துக்கொள்வது?

ஈரத்துண்டு:
பெர்க்வால் மறுத்தார் என்பதை மட்டும் வைத்து யாரும் முடிவுக்கு வரவில்லை. எட்டுக் கொலையிலும் ஒரு தடயம்கூட அவரோடு பொருந்தவில்லை. கொலைகளின் விவரத்தை ஸ்டாக்ஹோம் ராயல் நூலகத்தில் பழைய நாளிதழ்களைப் படித்துத் தெரிந்துகொண்டார். நார்வேயில் காணாமல்போன ஒன்பது வயதுச் சிறுமியின் எலும்பு என்று நீதிமன்றத்தில் காட்டிய துண்டை 2010இல் மறுபடி சோதித்தார்கள். மரமும் பசையும்! எலும்பே இல்லை.

கரிசல்காடு:
அந்தத் துண்டை நிபுணர்கள் எலும்பு என்று சாட்சி சொன்னார்கள் என்பதுதான் எனக்கு இன்னும் ஜீரணமாகவில்லை.

நடைவண்டி:
நீங்கள் மூன்று பேரும் ரோஸ்தாமையே சுற்றி வருகிறீர்கள். செத்தவர்கள் வீட்டில் யோசித்துப் பாருங்கள். அப்போது ஸ்வீடனில் கொலை வழக்குக்குக் காலக்கெடு 25 வருஷம், அதற்கப்புறம் யார் மேலும் வழக்குப் போட முடியாது. 2010இல் அந்தக் காலக்கெடுவை நீக்கினார்கள், ஆனால் ஏற்கெனவே காலாவதியானவற்றுக்கு அது உதவாது. க்விக் தலையில் விழுந்த 1976, 1980, 1984 கொலை வழக்குகள் எல்லாம் போனது போனதுதான். க்விக் மாட்டியதும் கோப்பு மூடியது, உண்மையான ஆளைத் தேட ஆளில்லை. இந்தப் படம் 1998இல் வந்திருந்தால் 1980, 1984 வழக்குகளையாவது மறுபடி எடுத்திருக்கலாம்.

வெள்ளிமீன்:
அதைத்தானே நானும் சொல்கிறேன்! வந்தது தாமதம்.

ஈரத்துண்டு:
தாமதத்துக்கு ரோஸ்தாமா பொறுப்பு? முன்பு பேஸ் கிடார் வாசித்துக்கொண்டிருந்தவர், நடுவயதில் பத்திரிகைத் தொழிலுக்கு வந்தவர். போலீஸ், அரசு வழக்கறிஞர், சிகிச்சையாளர்கள், நீதிமன்றங்கள், ஏன் பெர்க்வாலின் சொந்த வக்கீல்கூட, எல்லோரும் ஒரே பக்கம் தலையாட்டினார்கள். அவர்களை விட்டுவிட்டு வந்து பார்த்தவரிடம் கணக்குக் கேட்கிறீர்கள்.

வெள்ளிமீன்:
வக்கீல் விஷயத்தில் உங்களோடு ஒத்துப்போகிறேன். மற்றபடி, ஒரு படத்தால் புகழின் உச்சிக்குப் போனவர் என்பதை மறுக்க முடியாது.

கரிசல்காடு:
என்ன புகழ் அண்ணே? 2012 ஜனவரியில் 56 வயதில் புற்றுநோயில் போய்விட்டார். க்விக் பற்றிய அவருடைய புத்தகம் அதற்கப்புறம்தான் வெளிவந்தது. பெர்க்வால் மீதிருந்த எட்டில் கடைசிக் கொலைக் குற்றச்சாட்டு கைவிடப்பட்டது 2013 ஜூலையில்.