சோவியத் நையாண்டிப் படங்கள்: உங்கள் அனுபவம்?

*இரவுக்காட்சி:*
இயக்குநர் எல்தார் ரியாசானவின் ‘கராஜ்’ (1979) படத்தை, மாஸ்கோ பட நிறுவனமான மாஸ்ஃபிலிமின் யூட்யூப் சேனலில் பார்த்தேன். முழுப் படமும் ஒரே கூட்டம்தான். பாடம் பண்ணிய மிருகங்கள் நிற்கும் அருங்காட்சியகத்தில் ஓர் ஆராய்ச்சி நிறுவனத்தின் கராஜ் (கார் நிறுத்தும் கொட்டகை) கூட்டுறவுச் சங்கம் கூடுகிறது. கராஜ் கட்டும் இடத்தில் நெடுஞ்சாலை வரப்போவதால் 4 பேரைச் சங்கத்திலிருந்து கழற்றிவிட வேண்டும். யார் யார் என்று நிர்வாகம் முன்பே முடிவு செய்துவிட்டது. கேட்க நாதியில்லாதவர்கள்தான், வேறு யார்? கார் வாங்கக் கிராமத்து வீட்டை விற்றவரும் அதில் ஒருவர்.

பெரிய இடத்துப் பிள்ளை மேல் கை வைக்க மாட்டார்கள், அது எந்த ஊரிலும் உள்ளதுதான். ஆனால் சந்தையை நிர்வகிக்கும் அம்மாவைப் பாருங்கள்! நிறுவனத்துக்கே சம்பந்தமில்லாதவர். இருந்தாலும் படித்த விஞ்ஞானிகள் அவரிடம் குழைகிறார்கள். நல்ல கறி கிடைப்பதே அதிர்ஷ்டம் என்றிருந்த நாட்டில், கறி இருக்கும் இடத்தில்தானே அந்தஸ்து. சங்க உறுப்பினராக வரும் நடிகை லியா அஹெஜாகவா கதவைப் பூட்டிச் சாவியை ஒளித்த பிறகுதான் ஒவ்வொருவர் வேஷமும் கலைகிறது.

*பழைய மாணவன்:*
80-களில் மாஸ்கோவில் படித்தவன் நான். விடுதி டிவியில் இதைப் பார்த்து ரஷ்யப் பையன்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். எனக்குப் பாதி புரியவில்லை. புரிய வைத்தது பெர்யோஸ்கா கடை. வெளிநாட்டுப் பணத்துக்குத்தான் அங்கே சரக்கு. நான் டாலரோடு உள்ளே போவேன். அறைத்தோழன் வெளியே பனியில் காலை மாற்றி மாற்றி நிற்பான். சொந்த ஊர்க் கடையில் அவனுக்கு அனுமதி இல்லை! காபி டப்பாவைக் கொடுத்தால் கோட்டுக்குள் மறைத்துக்கொள்வான். வர்க்கமே இல்லாத நாடு என்று ஊரில் படித்துவிட்டுப் போனவன் நான், கொஞ்சம் கூச்சமாகத்தான் இருந்தது.

*இரவுக்காட்சி:*
அண்ணே, அந்தக் கடையைப் பற்றித் தனியாகவே எழுதுங்கள்.

*மூணாவது வரிசை:*
எனக்கு முடிவில்தான் மனத்தாங்கல். கழற்றிவிட வேண்டிய கடைசி ஆள் யார் என்பதைச் சீட்டுக் குலுக்கலில் விட்டது எப்படி நியாயம்? மாட்டுவது படம் முழுக்கத் தூங்கிய மனிதர். அந்த வேஷத்தில் ரியாசானவே நடித்ததால் மன்னிக்கலாம். மாஸ்ஃபிலிம் கராஜ் சங்கக் கூட்டத்தில் அவர் நேரில் பார்த்ததுதான் கதைக்கே விதையாம். சரி, லஞ்சப் பேர்வழிகளின் காராகப் பார்த்துத் திருடும் இன்சூரன்ஸ் ஏஜென்ட் படம், 1966, இதே இயக்குநர். பார்த்தவர்கள் யாராவது?