அப்பீல் 47 நாள் லேட்டு, எடுப்பாங்களா?

கோபிக்காரன்:
ஏனுங்க, வண்டித்தட வழக்குல முன்சீப் கோர்ட்டுல தோத்துட்டோமுங்க. சப் கோர்ட்டுக்கு 30 நாளுக்குள்ள அப்பீல் போட்டிருக்கோணும். மஞ்சள் வெட்டு, அப்பறம் எங்கய்யன் ஈரோட்டு ஆஸ்பத்திரில கெடந்தாரு. அதுல 47 நாள் தாண்டிப்போச்சு.

பவானி குமாஸ்தா:
1963 காலவரையறைச் சட்டம் 5-வது பிரிவுல தாமத மன்னிப்பு மனு போடுங்க. தீர்ப்பு நகலுக்குக் காத்திருந்த நாளை 12-வது பிரிவு கழிச்சுரும், மொதல்ல அதை எண்ணுங்க. டிஸ்சார்ஜ் சீட்டு வெய்யுங்க. மஞ்சளைப் பெருசா எழுதாதீங்க, ஊரே வெட்டுது!

தாராபுரத்தான்:
1987 காட்டிஜி வழக்குல சுப்ரீம் கோர்ட்டு தாமதத்துக்குச் சொல்ற காரணத்தைத் தாராளமாப் பாக்கச் சொல்லிச்சு. 2012-ல ஆபீசுக்குள்ள ஃபைல் சுத்துனதால லேட்டுன்னு சொன்ன தபால் துறையைத் திருப்பி அனுப்பிருச்சு. காரணந்தானுங்க முக்கியம்.

கோபிக்காரன்:
சீட்டு ஆத்தாகிட்ட பத்திரமா இருக்குதுங்க. நாளைக்கே வக்கீலைப் பாக்கறேன்.