பாதி நிஜம், பாதி நடிப்பு: எடிட்டிங்கில் மாட்டிக்கொண்டேன்

தையல் கடையை மூடிவிட்ட ஒரு பெரியவரை, அந்தக் கடைசி நாளைத் தானே மறுபடி நடித்துக் காட்டச் சொல்லிப் படமாக்கினேன். மூன்றாவது டேக்கில் பூட்டைப் போட்டவர் சாவியைப் பையில் வைக்காமல் கையிலேயே பிடித்தபடி நின்றுவிட்டார். நான் சொல்லிக்கொடுத்ததில்லை, நடிப்பா நிஜமா என்று எனக்கே தெரியவில்லை, படத்தில் உருப்படியான ஷாட்டும் அதுதான். ஈரானிய இயக்குநர் கியாரோஸ்தமியின் 'குளோஸ்-அப்' படத்தில் (1990) நிஜ வழக்கில் சிக்கியவரே தன் வேடத்தில் தானே நடித்தார், சரி, அந்த இயக்குநரின் துணிச்சல் எனக்கு ஏது?

இது மறுநடிப்பு என்று தொடக்கத்திலேயே எழுத்துப் போடலாமா, இல்லை நான் "இன்னொரு தடவை, ஐயா" என்று சொல்வதை ஒலியில் அப்படியே விட்டால் போதுமா? எழுத்துப் போட்டால் ஷாட் செத்துவிடும் போலிருக்கிறது. அப்புறம், விழாக்களுக்கு அனுப்பும்போது ஆவணப்படமா, புனைவா, எதில் சேர்ப்பது? இப்படி எடுத்தவர்கள் இருந்தால் சொல்லுங்களேன்.