சிசிஜி: ஞானவாதத்திலும் இயற்கணிதத்திலும் ஒரே சொல் எப்படி?

கேள்வி: மறைவான ஞானத்தாலேயே மீட்பு கிடைக்கும் என்று நம்பிய ஆதிகாலக் கிறிஸ்தவ ஞானவாதிகளைப் பற்றிப் படிக்கையில் ‘சிசிஜி’ என்ற சொல்லைக் கண்டேன். இதே சொல் பல்லுறுப்புக்கோவைகள் பற்றிய பாடநூலிலும் வருகிறது. இரண்டுக்கும் தொடர்பு உண்டா?

பதில் 1: நேரடித் தொடர்பு இல்லை, வேர் மட்டும் ஒன்று. ஒரே நுகத்தில் பூட்டப்பட்ட நிலையைக் குறிக்கும் கிரேக்கச் சொல் அது. 2-ஆம் நூற்றாண்டில் வாலண்டினஸ் என்ற ஞானவாத ஆசிரியரின் வழிவந்தோர், இறைமையின் நிறைவில், அதாவது தெய்விக உலகில், 30 ஈயோன்கள் (இறைவனிடமிருந்து வெளிப்பட்ட தெய்விக உருக்கள்) ஆண், பெண் என 15 இணைகளாக இருப்பதாகக் கொண்டனர். அந்த இணையே சிசிஜி. ஆழமும் மௌனமும் முதல் இணை. கடைசி ஈயோனான சோபியா தன் துணையை விட்டுத் தனித்து முயன்றதால்தான் குறையுள்ள இவ்வுலகம் தோன்றியது என்பது அவர்களின் விளக்கம்.

பதில் 2: கணிதத்திற்கு இச்சொல்லை 1850-களில் கொண்டுவந்தவர் ஆங்கிலேயக் கணிதவியலாளர் சில்வெஸ்டர், புதுச்சொற்கள் படைப்பதில் அவருக்குத் தீராத ஆசை! அ², அஆ என்ற இரு கோவைகளில் முதலாவதை ஆ-வாலும் இரண்டாவதை அ-வாலும் பெருக்கிக் கழித்தால் சுழியம் கிடைக்கும்; ஆகவே (ஆ, −அ) ஒரு சிசிஜி, அதாவது கோவைகளைப் பெருக்கிக் கூட்டினால் சுழியம் தரும் பெருக்கிகளின் தொகுப்பு, அக்கோவைகளுக்கிடையிலான ஓர் உறவு. இத்தகைய உறவுகளுக்கிடையிலும் உறவுகள் இருக்கலாம், அவற்றுக்கிடையிலும் இருக்கலாம். ஆனால் மாறிகள் எத்தனையோ அத்தனை படிகளுக்குள் இத்தொடரை முடித்துவிட முடியும் என்று ஜெர்மானியக் கணிதவியலாளர் ஹில்பர்ட் 1890-இல் நிறுவினார்.

பதில் 3: வானியலையும் சேர்த்துக்கொள்ளுங்கள். சூரியன், பூமி, நிலவு மூன்றும் ஏறத்தாழ நேர்கோட்டில் அமையும் அமாவாசையும் பௌர்ணமியும் அங்கே சிசிஜிகள்தாம்.